அமெரிக்கா அக்கா

அவர் முதன்முதலாக எங்கள் கடைக்கு வந்தபோது கையில் இருந்தது, அமெரிக்கச் சிறை ஒன்று திருப்பி அனுப்பிய கடிதம்.

இத்தாலியின் பலெர்மோ நகரில், பல்லரோச் சந்தைக்குப் பின்புறச் சந்தில், வங்கதேசத்துக்காரர் ஒருவரின் சிறிய கடை அது. போட்டோக் கொப்பி எடுப்பது, பெர்மெஸ்ஸோ என்கிற வதிவிட அனுமதியைப் புதுப்பிக்கப் படிவம் நிரப்புவது, பார்சல் கட்டுவது எல்லாம் அங்கே நடக்கும். நான் அரைநாள் வேலை செய்தேன். பலெர்மோத் தமிழரில் இத்தாலியன் கதைப்பவர்களுக்குக் குறைவில்லை. ஆங்கிலம் வாசிப்பவர்கள்தான் குறைவு. ஆகவே ஆங்கிலக் காகிதம் எதுவென்றாலும் என் மேசைக்கு வந்துவிடும்.

உறையோடு அச்சிட்ட தாள் ஒன்றை இணைத்திருந்தார்கள். அதில் வரிசையாகக் கட்டங்கள். ஒன்றில் மட்டும் சரி அடையாளம்.

"என்ன எழுதிக் கிடக்கு பிள்ளை?"

"அடையாளம் தெரியாத தூள் எண்டு கிடக்கு அக்கா. கடிதத்துக்குள்ள என்ன வைச்சனீங்கள்?"

"திருநீறு" என்றார்.

இங்கே வாடகை மண்டபத்தில் இருக்கிற அம்மன் கோயில் திருநீறு. ஒரு சிட்டிகை எடுத்துத் தாளில் மடித்து வைத்திருக்கிறார். அந்தச் சிட்டிகையால் சிறையின் கடிதப் பகுதியை அரைநாள் மூடியிருக்கிறார்கள். அவருடைய தம்பியின் அறையைச் சோதித்து, ஆளைத் தனி அறையில் போட்டு, தூள் என்னவென்று பரிசோதனை முடிவு வரும் வரைக்கும் ஒன்பது நாள் வைத்திருந்தார்கள். இதெல்லாம் அவர் கூடவே கொண்டுவந்திருந்த, தம்பி எழுதிய இன்னொரு கடிதத்தில் இருந்தது. நான் வாசித்துச் சொல்லிவிட்டு, "அநியாயம்" என்றேன்.

"என்ன வைக்கலாம், என்ன வைக்கக் கூடாது எண்டு எங்கையாவது எழுதியிருப்பினம்தானே. அதை எடுத்துத் தாரும்" என்றார்.

அப்போது அவருக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். மெலிந்த உடம்பு. தலைமயிரை இழுத்து வாரி ஒற்றைக் கிளிப்புக்குள் அடக்கியிருப்பார். வன்னியிலிருந்து யுத்தம் முடிந்த பிறகு வந்தவர். ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில், ஒரு பழைய கட்டிடத்தின் மூன்றாம் மாடியில் சிஞ்ஞோரா என்று நாங்கள் சொல்லும் வயதான இத்தாலிய அம்மா ஒருவருடன் தங்கி, அவரைப் பார்த்துக்கொள்ளும் வேலை செய்தார். வியாழக்கிழமை பின்னேரமும் ஞாயிறும் ஓய்வு. அவருடைய பெயர் எனக்குத் தெரியும், எத்தனையோ படிவங்களில் எழுதியிருக்கிறேன். ஆனால் இங்கே எல்லோருக்கும் அவர் அமெரிக்கா அக்கா. அமெரிக்காவை அவர் கண்டதில்லை. தென் மாநிலம் ஒன்றின் சிறைச்சாலை விதிகளை மட்டும் அவரளவுக்கு அறிந்தவர் இத்தாலியில் வேறு யாரும் இருந்திருக்க மாட்டார்கள்.

தம்பி பல நாடுகள் வழியாக அமெரிக்கா போய்ச் சேர்ந்து, அகதி அந்தஸ்தும் கிடைத்து, வீடுகளுக்குப் பொருள் கொண்டுபோய்க் கொடுக்கும் வான் ஓட்டியவர். ஒருநாள் குடித்துவிட்டு ஓட்டினார். சந்தியொன்றில், வேலை முடிந்து சைக்கிளில் வந்துகொண்டிருந்த பத்தொன்பது வயதுப் பெண்ணை இடித்தார். அந்தப் பெண் இறந்துபோனாள். பன்னிரண்டு வருடத் தண்டனை.

இந்த விபரம் முழுவதையும் அக்கா எனக்கு இரண்டு நிமிடத்தில், படிவத்துக்குச் சொல்வது போலச் சொன்னார். பிறகு அதைப் பற்றிப் பேசியதில்லை.

சிறையின் கையேட்டை இணையத்தில் கண்டுபிடித்து அச்சிட்டேன். எண்பது பக்கத்துக்கு மேல். அடுத்து வந்த வியாழக்கிழமைகளில் அவர் சரியாக நான்கு மணிக்கு வருவார். நான் வாசித்துத் தமிழில் சொல்லுவேன். அவர் ஒரு கொப்பியில் எழுதுவார். வெள்ளைத் தாள் மட்டும். நீலம் அல்லது கறுப்பு மை. ஒட்டுப்படம் கூடாது, வாசனை கூடாது, குழந்தைகள் வர்ணம் தீட்டிய தாள் கூடாது. ஆங்கிலம் அல்லாத கடிதம் சரிபார்க்கப்படும் வரை தாமதமாகலாம். இதைக் கேட்டதும் அன்றே தமிழில் எழுதுவதை நிறுத்தினார். அவர் சொல்லச் சொல்ல நான் ஆங்கிலத்தில் எழுதிக் கொடுப்பேன். அதைப் பார்த்துத் தன் கையால் திரும்ப எழுதுவார். ஒவ்வொரு எழுத்தையும் படம் கீறுவது போலக் கீறுவார். ஒரு பக்கம் எழுத ஒரு மணித்தியாலம் எடுக்கும்.

கைதிகளை ஒரு நாளில் பல தடவை எண்ணுவார்கள் என்ற பகுதிக்கு வந்தபோது, எண்ணுகிற நேரத்தில் கதைக்கவோ அசையவோ கூடாது, எழுந்து நிற்க வேண்டும் என்று வாசித்தேன்.

"அது அவனுக்குப் பழக்கம்" என்றார். "முகாமிலயும் எங்களை எண்ணினவை."

கொப்பியில் நேரங்களை மட்டும் குறித்துக்கொண்டார்.

அவருடைய குணம் என்று ஒன்றைச் சொல்ல வேண்டுமென்றால் இதைத்தான் சொல்லுவேன். அவர் ஏன் என்று கேட்பதில்லை. எப்படி என்றுதான் கேட்பார். பெர்மெஸ்ஸோ ஆறு மாதம் பிந்தினால் மற்றவர்கள் அதைக் கொடுக்கும் பொலிஸ் தலைமையகமான குவெஸ்தூராவைத் திட்டுவார்கள். இவர், "அடுத்ததா எந்த யன்னலுக்குப் போகோணும்?" என்று கேட்பார். கோயிலில் ஒரு பெண் நெருங்கி உட்கார்ந்து, "ஏன் அக்கா உங்கட தம்பி அப்பிடிச் செய்தவர்? நல்ல பிள்ளையெண்டுதானே சொல்லுறவை" என்று கேட்டபோது நானும் பக்கத்தில் இருந்தேன்.

"நான் கேக்கேல்லை" என்றார்.

"ஒருக்காலும் கேக்கேல்லையோ?"

"இல்லை."

அந்தப் பெண் பிறகு என்னிடம், "கல்லு மனம்" என்றாள். நானும் கொஞ்சம் அப்படித்தான் நினைத்தேன். அக்கா சொல்லி நான் எழுதிய கடிதங்களில் பல்வலி இருக்கும், காலுறை இருக்கும், சமையலறை வேலைக்குப் பெயர் கொடுத்தாயா, ஆங்கில வகுப்பில் சேர்ந்தாயா என்பது இருக்கும். இறந்துபோன பெண்ணைப் பற்றி ஒரு சொல் இருக்காது. அந்த நாளைப் பற்றி ஒரு சொல் இருக்காது.

ஒருமுறை நானே ஒரு வரி சேர்த்தேன். 'அன்றைக்கு என்ன நடந்தது என்று எனக்கு விளங்க வேண்டும்' என்று ஆங்கிலத்தில் எழுதி, கடைசிக்கு முதல் வரியாக வைத்தேன். அவர் பார்த்து எழுதத் தொடங்கினார். அரைவாசியில் பேனையை வைத்துவிட்டு, என் தாளில் விரலை ஓட்டினார்.

"நான் சொன்னது பதினொரு வசனம். இஞ்சை பன்னிரண்டு புள்ளி கிடக்கு."

நான் சொன்னேன், என்ன எழுதினேன் என்று.

"வெட்டும்."

அவ்வளவுதான். கோபிக்கவில்லை. புதுத் தாள் எடுத்து முதலிலிருந்து எழுதினார். சிஞ்ஞோராவுக்கு மருந்து கொடுக்கும் நேரம் ஆகிவிட்டது என்று எழும்பும்போது மட்டும், "பிள்ளை, நான் சொன்னதை மட்டும் எழுதும்" என்றார்.

அவர் வேலை செய்த கட்டிடத்தின் வாசலில் ஒரு போர்த்தியேரா இருந்தாள். கட்டிடத்தைக் கூட்டி, கடிதங்களைப் பிரித்துக் கொடுத்து, வருவோர் போவோரைக் கவனித்துக்கொள்ளும் சிசிலிப் பெண். அவளுடைய மகன் மோட்டார் சைக்கிள்கள் திருடி நகரச் சிறையில் இருந்தான். இங்கே வீட்டிலிருந்து சமைத்துக் கொண்டுபோய்க் கொடுக்கலாம். கழுவிய உடுப்புக் கொடுத்து அழுக்கு உடுப்பை வாங்கி வரலாம். அக்காவுக்கு அது நம்பமுடியாததாக இருந்தது. "அங்கை ஒரு விசுக்கோத்தும் குடுக்க ஏலாது. எல்லாம் சிறைக்குள்ள இருக்கிற கடையிலதான் வாங்கோணும்" என்று என்னிடம் சொன்னார்.

போர்த்தியேரா ஒவ்வொரு கிழமையும் அரான்சீனே கொண்டுபோவாள். சோற்றை உருண்டையாக்கி, நடுவில் இறைச்சி வைத்து, மூடிப் பொரிப்பது. ஒவ்வொரு கிழமையும் அதைத் திருப்பிக் கொடுப்பார்கள். ஏன், என் மகன் மனிதனில்லையா, அவனுக்கு அரான்சீனே சாப்பிடும் உரிமை இல்லையா என்று வாசலில் நின்று கத்திவிட்டு வருவாள். ஒரு வியாழக்கிழமை அக்காவையும் கூட்டிக்கொண்டு போனாள். வரிசையில் நின்ற நேரம் முழுவதும் அக்கா சுவரில் ஒட்டியிருந்த பட்டியலை எழுத்துக்கூட்டி வாசித்துக்கொண்டிருந்தார். அவருடைய இத்தாலியன் சமையலறை இத்தாலியன். ஆனாலும் நான்காவது வரியில் பிடித்துவிட்டார். உள்ளே எதையாவது வைத்து மூடிய உணவு ஏற்கப்படாது.

அடுத்த கிழமை போர்த்தியேரா அதே சோற்றையும் அதே இறைச்சியையும் தட்டில் கலந்து, ஓவனில் வேகவைத்து, சதுரமாக வெட்டிக் கொண்டுபோனாள். உள்ளே போனது. அன்றைக்கு அவள் அக்காவின் இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டு அழுததாக அக்காவே சொன்னார். "நாலு மாசம் கத்தினவ. ஒரு வரி வாசிக்கேல்லை."

அதிலிருந்து யாருடைய மகனுக்கோ புருசனுக்கோ இப்படி ஒன்று நடந்தால் அக்காவிடம் அனுப்புவார்கள். அவரிடம் ஆறுதல் கிடைக்காது. எந்தக் காகிதம், எந்தக் கிழமை, எந்த வாசல் என்பது கிடைக்கும்.

இரண்டாம் வருடம் அமெரிக்கச் சிறை கடித முறையை மாற்றியது. இனிக் கடிதங்கள் வேறொரு நகரத்தில் இருக்கும் நிறுவனத்துக்குப் போகும். அங்கே படமெடுத்து, கைதிக்கு நகலைக் கொடுப்பார்கள். அசலை அழித்துவிடுவார்கள். இதை வாசித்துச் சொல்ல எனக்குத் தயக்கமாக இருந்தது. ஒரு மணித்தியாலம் கீறுகிற அந்த எழுத்துகளை நான் பார்த்துக்கொண்டிருந்தவள்.

"அப்ப அவன் தொடுறது நான் எழுதின பேப்பர் இல்லையோ?"

"இல்லை அக்கா. போட்டோக் கொப்பி."

கையிலிருந்த நீலப் பேனையைத் திருப்பிப் பார்த்தார்.

"கொப்பியில எழுத்து விளங்குமோ?"

"விளங்கும்."

"நீலத்தை விடக் கறுப்பு நல்லா விழும் என்ன?"

அன்றிலிருந்து கறுப்பு மை.

இனி என் பிழையைச் சொல்ல வேண்டும்.

அந்தச் சிறையிலிருந்து வெளிநாட்டு எண்ணுக்கு அழைக்க முடியாது. அக்காவும் தம்பியும் இரண்டு வருடமாக ஒருவர் குரலை ஒருவர் கேட்கவில்லை. இணையத்தில் ஒரு அமெரிக்க எண் எடுத்து, அதற்கு வரும் அழைப்பைப் பலெர்மோவுக்குத் திருப்பிவிடலாம் என்று எனக்குத் தெரியும். நான்தான் சொன்னேன்.

"இது அவையின்ர விதிப்படி சரியோ?" என்று கேட்டார்.

"ஓம் அக்கா, எல்லாரும் செய்யினம்."

"கையேட்டில பாத்தனீரோ?"

"பாத்தனான்."

தொலைபேசி பற்றிய பகுதி ஏழு பக்கம். முதல் மூன்றை வாசித்திருந்தேன். மிச்சமும் இதுதான் என்று சொல்லிப் புரட்டிவிட்டேன். அன்றைக்கு மகளை நீச்சல் வகுப்புக்குக் கூட்டிப்போக வேண்டியிருந்தது, நேரமாகிவிட்டிருந்தது.

முதல் அழைப்பு ஒரு வியாழக்கிழமை, கடையில் இருக்கும்போதே வந்தது. அங்கே காலை, இங்கே பின்னேரம். முதலில் பதிவு செய்த ஒரு பெண்குரல், இது சிறையிலிருந்து வரும் அழைப்பு, இது பதிவு செய்யப்படும், கண்காணிக்கப்படும் என்று சொன்னது. அக்கா எழுந்து நின்றுகொண்டார். பதினைந்து நிமிடமும் நின்றபடிதான் கதைத்தார். பல், காலுறை, வகுப்பு. இணைப்பு தானாகத் துண்டிக்கப்பட்ட பிறகு போனை மேசையில் வைத்தார்.

"குரல் தடிச்சுப்போச்சு" என்றார்.

எட்டு மாதம் கிழமைக்கு ஒருமுறை கதைத்தார்கள். அதன் பிறகு இரண்டு கிழமை அழைப்பு வரவில்லை. மூன்றாம் கிழமை கடிதம் வந்தது. அழைப்பை வேறு எண்ணுக்குத் திருப்பிவிட்டதைக் கண்டுபிடித்துவிட்டார்கள். தம்பி மேல் ஒழுக்கக் குற்றம் எழுதியிருந்தார்கள். ஆறு மாதம் தொலைபேசி இல்லை. நன்னடத்தைக்காகத் தண்டனையில் குறைத்திருந்த நாட்களில் அறுபதைப் பறித்துவிட்டார்கள். அதைவிடப் பெரியது இன்னொன்று. தண்டனை முடியுமுன் நிபந்தனையோடு விடுகிற பரோல் விசாரணை அடுத்த வசந்தத்தில் இருந்தது. அதற்கு முன் ஒரு வருடம் எந்தக் குற்றப் பதிவும் இருக்கக் கூடாது. விசாரணை ஒரு வருடம் தள்ளிப்போனது.

அக்கா கையேட்டை என் முன்னால் விரித்தார்.

"அந்தப் பக்கத்தை எடுத்து வாசியும்."

தொலைபேசிப் பகுதியின் ஐந்தாம் பக்கத்தில் இருந்தது. அழைப்பைத் திருப்பிவிடும் எந்த எண்ணும் தடை. ஒரே வரி, தடித்த எழுத்தில்.

"முதல் இதை வாசிச்சனீரோ?"

"இல்லை அக்கா." பிறகு, "அண்டைக்கு மகளை..." என்று தொடங்கினேன்.

"நான் கேக்கேல்லைப் பிள்ளை" என்றார். "மேல்முறையீடு செய்ய எத்தினை நாள் கிடக்கு?"

பதினைந்து நாளில் பத்துக் கழிந்திருந்தது. அங்கேயே உட்கார்ந்து எழுதத் தொடங்கினோம். அந்த எண்ணைக் குடும்பத்தினர் தாமாக ஏற்பாடு செய்தார்கள், கைதிக்கு அது தெரியாது என்று எழுதலாம் என்றேன். தம்பியைக் காப்பாற்ற வேறு வழி தெரியவில்லை. என்னைக் காப்பாற்றவும்தான்.

"அவனுக்குத் தெரியும்" என்றார்.

"தெரியுமெண்டு அவையளுக்கு எப்பிடித் தெரியும் அக்கா?"

"ரெண்டாந்தரம் கதைக்கேக்க, இந்த நம்பர் பிரச்சினை இல்லைத்தானே எண்டு கேட்டவன். பதிஞ்சு கிடக்கும்."

"தமிழிலதானே கேட்டவர். அங்கை ஆருக்குத் தமிழ் தெரியும்?"

"இண்டைக்கு ஒருத்தருக்கும் தெரியாது. பதிஞ்சது அங்கைதானே கிடக்கப்போகுது. அஞ்சு வருசத்தால தமிழ் தெரிஞ்ச ஒரு ஆளைக் கூப்பிட்டுக் கேக்க ஏலாதோ?"

அப்படியே எழுதினோம். அழைப்பு திரும்புவது அவனுக்குத் தெரியும், விதி தெரியாது, அக்காவாகிய நான் விதியைப் பார்த்ததாகச் சொன்னேன், பார்க்கவில்லை. என் பெயரை எழுதச் சொன்னேன். அவர் விடவில்லை. "கையேடு என்ர கையிலதானே இருந்தது" என்றார்.

பதில் ஆறு கிழமையில் வந்தது. தொலைபேசித் தடையைப் பாதியாகக் குறைத்திருந்தார்கள். அறுபது நாள் போனது போனதுதான். விசாரணையும் தள்ளிப்போனது போனதுதான். அந்த ஒரு வருடத்துக்குக் காரணம் நான். அவர் அடுத்த வியாழன் வழக்கம் போல நான்கு மணிக்கு வந்து கையேட்டின் முதற் பக்கத்தைத் திறந்தார். "இந்தத் தரம் ஒரு வரியும் விடாமல் வாசிப்பம்" என்றார். ஏன் அப்படிச் செய்தேன் என்று அவர் ஒருநாள் கேட்பார் என்று வெகுகாலம் காத்திருந்தேன். கேட்டிருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும்.

பிறகு வந்த விசாரணைக்கு முந்திய மாதங்களில் நாங்கள் செய்யாத காகித வேலை இல்லை. வெளியே வந்தால் எங்கே இருப்பார், யார் பொறுப்பு, என்ன வேலை. எப்படியும் நாடு கடத்துவார்கள் என்று தெரிந்ததால், வவுனியாவில் இருக்கும் பெரியம்மாவின் மகன் வீட்டு விலாசத்தைக் கொடுத்தோம். தம்பி சிறைக்குள் மரவேலை படித்திருந்தார். அதன் சான்றிதழையும் வைத்தோம்.

விசாரணை முடிந்த மறுநாள் தம்பி எடுத்தார். அங்கே இருக்கும் ஒரு தேவாலயத் தொண்டரின் உள்நாட்டு எண்ணுக்கு எடுக்க, அவர் சிறையிடம் அனுமதி பெற்ற முறையில் அக்காவை இணைத்தார். புரியாத ஆங்கிலச் சொல் வந்தால் சொல்வதற்காக என்னையும் பக்கத்தில் இருக்கச் சொல்லி, போனை ஸ்பீக்கரில் போட்டிருந்தார் அக்கா.

"அந்த அம்மாவும் வந்தவ" என்றார் தம்பி. இறந்த பெண்ணின் தாய். "மேசையைப் பாத்துக்கொண்டுதான் கதைச்சவ. என்னைப் பாக்கேல்லை."

"என்ன சொன்னவ?"

"மகள் தனியச் செத்துப்போச்சு எண்டு சொன்னவ. ஒருத்தரும் பக்கத்தில இல்லாமல்."

அக்கா போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றார். தம்பி ஏதோ சொல்லத் தொடங்கி, "அக்கா, நான்" என்றார்.

"இப்ப வேண்டாம்" என்றார் அக்கா. "பிறகு கதைப்பம். சாப்பிட்டியோ?"

எனக்கு அவர் மேல் உண்மையிலேயே கோபம் வந்தது அன்றைக்குத்தான். அந்த மனிதர் முதல் தடவையாக ஏதோ சொல்ல வந்தார். இவர் சாப்பாட்டைக் கேட்கிறார். நான் எழுந்து வெளியே போய்விட்டேன்.

பரோல் கிடைத்தது. விடுவித்த நாள் காலையில் சிறை வாசலுக்கு வெளியே குடிவரவுத் துறையின் வான் நின்றது. ஒரு வாசலிலிருந்து இன்னொரு வாசலுக்கு. போர்த்தியேரா சந்தோசமாக, "லீபெரோ?" என்று கேட்டாள், விடுதலையா என்று. அக்கா யோசித்து, இடம் மாற்றம் என்று இத்தாலியனில் சொன்னார். தடுப்பு முகாமில் ஐந்து மாதம் போனது. அதற்கும் ஒரு கையேடு இருந்தது. அதையும் வாசித்தோம், ஒரு வரியும் விடாமல்.

கடைசியில் கொழும்புக்கு ஏற்றினார்கள். விமான நிலையத்தில் ஒரு பகல் முழுவதும் விசாரித்துவிட்டு விட்டார்கள். பெரியம்மாவின் மகனுடைய போனிலிருந்து தம்பி எடுத்தபோது, எடுத்த எடுப்பில் "அக்கா" என்றாராம். "முன்னுக்கு அந்தப் பதிஞ்ச பொம்பிளைக் குரல் வரும் எண்டு பாத்துக்கொண்டு நிண்டிட்டன்" என்று என்னிடம் சொன்னார்.

அடுத்த மாதம் சிஞ்ஞோராவிடம் விடுமுறை கேட்டு ஊருக்குப் போனார். ஆறு கிழமை நின்றார். திரும்பி வந்த ஞாயிற்றுக்கிழமை, சந்தா ரொசாலியா மலைக்கு நடக்கப் போகிறேன், வாரும் என்று என்னைக் கூப்பிட்டார். எங்கள் ஆட்கள் ஞாயிறுகளில் அந்தக் கத்தோலிக்கப் புனிதையின் மலைக்குகைக் கோயிலுக்கு ஏறுவது வழக்கம். பாதி வழியில், கடல் தெரிகிற வளைவில் ஒரு சுவரில் உட்கார்ந்தோம். அவர் கொஞ்சம் கறுத்திருந்தார்.

"கேட்டன் பிள்ளை" என்றார்.

"என்னத்தை?"

"ஏனெண்டு. போய் ரெண்டாம் நாள், கிணத்தடியில வைச்சு. பின்னேரம் வரைக்கும் சொன்னவன்."

நான் அவரைப் பார்த்தேன். இத்தனை வருடமாக எனக்குள் இருந்ததை அப்போதுதான் கேட்டேன்.

"ஏன் அக்கா முதலே கேக்கேல்லை?"

"எப்பிடிக் கேக்கிறது? கடிதத்தை அவையள் வாசிப்பினம். போனை அவையள் கேப்பினம். அப்பிடி இருக்கேக்க நான் கேட்டா, அவன் எனக்குப் பதில் சொல்லமாட்டான். அவையளுக்குத்தான் சொல்லுவான். ஒருக்கால் அவையளுக்கெண்டு ஒரு கதை சொல்லிப் பழகினா, பிறகு அதுதான் அவனுக்கு நடந்ததா மாறிப்போகும். அதுதான் வாயைத் திறக்க விடேல்லை."

கீழே துறைமுகத்துக்கு நாப்போலிக் கப்பல் வந்துகொண்டிருந்தது. அவர் கைப்பையைத் திறந்து ஓர் உறையை எடுத்தார். ஒட்டியிருந்தது.

"அங்கை ஒரு அலுவலகம் இருக்காம். குற்றம் செய்த ஆள் மன்னிப்புக் கடிதம் எழுதிக் குடுத்தா வாங்கி வைச்சிருப்பினமாம். செத்த ஆளின்ர வீட்டுக்காரர் தாங்களா வந்து கேட்டா மட்டும் குடுப்பினமாம். கேக்காட்டி அங்கையே கிடக்கும். வெளியில வந்த ஆளும் குடுக்கலாமோ, எந்த விலாசத்துக்கு அனுப்பிறது எண்டு பாத்துச் சொல்லும்."

"இங்கிலீசிலயோ எழுதியிருக்கிறார்? நான் ஒருக்காப் பாக்கட்டோ?"

"வேண்டாம். அவன் தன்ர கையால எழுதினது. ஒட்டித்தான் தந்தவன்."

"மன்னிப்புக் கேட்டு எழுதியிருப்பார் என்ன?"

"அது ஒரு வரி. ஏன் குடிச்சனான், ஏன் பாக்கேல்லை எண்டதெல்லாம் எழுதேல்லை. அதெல்லாம் எனக்குச் சொன்னவன், எனக்குக் காணும்." அவர் உறையை மடியில் வைத்துக் கையால் நீவினார். "அந்தப் பிள்ளை தனியச் சாகேல்லை. இவன் இறங்கிப் போய்ப் பக்கத்தில இருந்திருக்கிறான். அம்புலன்ஸ் வரும் வரைக்கும் கையைப் பிடிச்சுக்கொண்டு இருந்திருக்கிறான். அந்தப் பிள்ளை ஏதோ சொன்னதாம். வழக்கு நடக்கேக்க வக்கீல் ஒண்டையும் கதைக்கக் கூடாதெண்டு சொன்னவராம். பிறகு கதைக்கிறதுக்கு ஆக்கள் இல்லை. அதைத்தான் எழுதியிருக்கிறான்."

"என்ன சொன்னதாம் அக்கா?"

"அது அந்தத் தாய்க்கு" என்றார்.

மறுநாள் நான் அந்த அலுவலகத்துக்கு மின்னஞ்சல் எழுதினேன். விடுதலையானவர்களும் அனுப்பலாம் என்று நான்கு நாளில் பதில் வந்தது. கூடவே விதிகளும் வந்தன. முழுவதையும் வாசித்துச் சொன்னேன். வியாழக்கிழமை நாங்கள் இருவரும் ரயில் நிலையத்துக்குப் பக்கத்துத் தபால் நிலையத்துக்குப் போய், பதிவுத் தபாலில் அனுப்பினோம். பிறகு கொஞ்சக் காலத்தில் சிஞ்ஞோரா இறந்துபோக, அக்கா வடக்கே வேறொரு நகரத்துக்கு வேலைக்குப் போய்விட்டார். நானும் அந்தக் கடையை விட்டுவிட்டேன்.

அதற்கு முன்பே, கடிதம் கிடைத்தது என்று அலுவலகத்திலிருந்து ஒரு தாள் வந்திருந்தது. அந்தத் தாய் அதைக் கேட்டு வாங்கினாரா என்று எழுதியவருக்குத் தெரிவிக்க மாட்டார்கள். அது விதிகளில் கடைசி வரி.